பதினெட்டும் இருபதும்

பிப்ரவரி 3, செவ்வாய்

பாளையங்கோட்டை தியாகராஜ நகர் வீட்டில் சமையலறை மேல் அலமாரி மாட்டும் வேலை. மதியச் சாப்பாட்டுக்கு முன்பே முடித்திருக்க வேண்டியது சாயங்காலம் வரை இழுத்துவிட்டது. எல்லாம் இந்த ஸ்க்ரூ மிஷினின் பேட்டரியால். சுவரில் துளை போட்டு, பிளாஸ்டிக் பிளக் அடித்து, அதில் ஸ்க்ரூவை வைத்து மிஷினை அழுத்தினால் பாதி போனதும் வேகம் செத்துவிடுகிறது. மிஷின் முனையில் இருக்கிற பிட் நழுவி ஸ்க்ரூவின் தலையை மென்றுவிடுகிறது. தலை போன ஸ்க்ரூவைப் பிடுங்கி எடுப்பதற்குள் தாவு தீர்ந்துவிட்டது.

வீட்டுக்காரர் பக்கத்திலேயே நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துகொண்டு, "பேட்டரி மிஷின்லாம் வெளையாட்டுச் சாமான்தான், என்ன?" என்றார். நான் பல்லைக் கடித்துக்கொண்டு ஏணியில் நின்றேன். இவருக்குப் பதில் சொல்லி ஜெயித்தவர் யாரும் அந்த வீட்டில் இருப்பதாகத் தெரியவில்லை, அவர் மனைவி உட்பட.

மாகாளி கீழே நின்று அலமாரியைத் தாங்கிப் பிடித்திருந்தான். மாகாளி என் மனைவி கோமதியின் தம்பி. ஆறு வருஷமாக என்னோடுதான் வேலை. "அத்தான், கடைசி ரெண்டை நான் போடட்டா?" என்று கேட்டான். "பேட்டரி செத்துக் கெடக்கு, நீ போட்டா மட்டும் போயிருமாலே?" என்றேன்.

வரும் வழியில் சிலிண்டருக்கு கேஸ் புத்தகத்தைக் கொடுத்துவிட்டு வந்தேன்.

பிப்ரவரி 5, வியாழன்

பேட்டரியை விடிய விடிய சார்ஜில் போட்டுப் பார்த்தும் அதே கதைதான்.

தேங்காய் எண்ணெய் பாட்டில் மூடியைத் திறக்க முடியவில்லை. இப்போதெல்லாம் மூடியை மிஷினில் வைத்து முறுக்கி அனுப்புகிறார்கள். கோமதி சேலைத் தலைப்பை வைத்துத் திருகித் திறந்தாள்.

பிப்ரவரி 9, திங்கள்

இன்று ஒரு முடிவு கட்டிவிடுவதென்று மாகாளியையும் கூட்டிக்கொண்டு சேவியர் அண்ணாச்சி கடைக்குப் போனேன். பாளையங்கோட்டை மார்க்கெட் பக்கம் மிஷின் சாமான் கடை வைத்திருக்கிறார். என் பதினெட்டு வோல்ட் பேட்டரியை மேசையில் வைத்து, "இது முடிஞ்சு போச்சு, வேற குடுங்க" என்றேன்.

அவர் மீட்டரை வைத்துப் பார்த்தார். இருபதுக்கு மேல் காட்டியது.

"ஜம்முனு இருக்கே, ஆவுடை."

"பதினெட்டுன்னு எழுதின பேட்டரி எதுக்கு இருபது காட்டுது? ஒங்க மீட்டர் தப்பு."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிரசங்கம் வரப்போகிறது என்று அர்த்தம். "பதினெட்டு, இருபது எல்லாத்துக்கும் உள்ள அஞ்சு செல்லுதான். சார்ஜ் ஏறி சும்மா உக்காந்திருக்கையில அளந்தா இருபது. வேலை செய்யையில அளந்தா பதினெட்டு. ஒரு கம்பெனிக்காரன் அதை எழுதுதான், இன்னொருத்தன் இதை எழுதுதான். எண்பத்தெட்டுன்னு போட்டு ஒரு சரக்கு வருது, அதைப் பிரிச்சுப் பாத்தாலும் அஞ்சுதான் இருக்கு."

"அப்ப இருபதுன்னு போட்டவன் கிறுக்கனா?"

"விக்கத் தெரிஞ்சவன்."

என் மிஷினை வாங்கி, மேசைக்கு அடியில் கிடந்த கட்டையில் ஒரு ஸ்க்ரூவை ஓட்டிக் காட்டினார். போனது. கடையில் எல்லா மிஷினும் நன்றாகத்தான் ஓடும். கட்டையைத் தரையில் போட்டு மேலிருந்து அழுத்துவதும், ஏணியில் நின்று தலைக்கு மேலே கையைத் தூக்கி அழுத்துவதும் ஒன்றா? அதைச் சொன்னால் வியாபாரிக்குப் புரியாது.

எனக்கு இருபதுதான் வேண்டும் என்று நின்றேன். அதில் இன்னொரு தொல்லை. இருபது வோல்ட் பேட்டரி மஞ்சள் கம்பெனி. என் மிஷின் நீலக் கம்பெனி. ஒன்றின் வாயில் ஒன்று உட்காராது. உள்ளே இருப்பது ஒரே சரக்கு என்றால் வாயை மட்டும் எதற்கு மாற்றி வைக்கிறான்கள்? சம்பந்திச் சண்டை போலத்தான் இதுவும். நடுவில் சமாதானத்துக்கு ஒரு பிளாஸ்டிக் அடாப்டர் விற்கிறார்கள். ஒரு பக்கம் மஞ்சளுக்கு, ஒரு பக்கம் நீலத்துக்கு.

"வேண்டாம், ஆவுடை" என்றார் அண்ணாச்சி. "அடாப்டர் போட்டா, பேட்டரி எறங்கி எப்ப நிறுத்தணும்னு மிஷினுக்குத் தெரியாது. கடைசிச் சொட்டு வரைக்கும் உறிஞ்சிரும். அப்படி ஒரு தடவ எறங்கின பேட்டரி பெறவு எழும்பாது."

கேட்கவில்லை, வாங்கிவிட்டேன். அடாப்டரைப் பேட்டரியோடு சேர்த்து அழுத்தினால் 'டக்' என்று ஒரு சத்தம் கேட்க வேண்டும். மேசையில் வைத்து நான் அழுத்தினேன், கேட்கவில்லை. மாகாளி வாங்கி அழுத்தினான், கேட்டது. புதுச் சாமான் முதல் தடவை இறுகலாகத்தான் இருக்கும்.

அண்ணாச்சி மாகாளியைப் பார்த்தார். அவன் வெளியே ரோட்டைப் பார்த்தான். இவன் இப்படித்தான், முக்கியமான நேரத்தில் வேடிக்கை பார்ப்பான்.

பிப்ரவரி 10, செவ்வாய்

இருபது போட்டும் மூன்றாவது ஸ்க்ரூவில் நழுவிவிட்டது. அடாப்டரில் கொஞ்சம் சக்தி வீணாகிறதோ என்னவோ. பழகினால் சரியாகும்.

வீட்டுக்கு வந்து கால் கழுவிவிட்டு அடுக்களைக்குப் போனேன். மாகாளியும் கோமதியும் பேசிக்கொண்டிருந்தவர்கள் என்னைப் பார்த்ததும் நிறுத்திவிட்டார்கள். அக்காளும் தம்பியும் என்ன ரகசியம் பேசுவார்கள், அவனுக்குப் பெண் பார்க்கிற விஷயமாகத்தான் இருக்கும். நானும் கேட்டுக்கொள்ளவில்லை.

பிப்ரவரி 14, சனி

ஜெயித்துவிட்டேன். வெண்ணெயில் ஓட்டுகிற மாதிரி ஓடியது. ஒரு ஸ்க்ரூ நிற்கவில்லை, ஒரு தலை போகவில்லை. மேல் அலமாரி நான்கும் மதியத்துக்குள் சுவரில் ஏறிவிட்டன.

இப்போதெல்லாம் ஸ்க்ரூ வாங்குவது, பிரிப்பது எல்லாம் மாகாளி பொறுப்பு. அவனே ஒவ்வொன்றாக பிட்டின் முனையில் மாட்டிக் கொடுக்கிறான். நான் குனிந்து பொறுக்க வேண்டியதில்லை. நல்ல ஏற்பாடுதான்.

சேவியர் அண்ணாச்சிக்குப் போன் போட்டு, "பதினெட்டும் இருபதும் ஒண்ணுன்னு சொன்ன மகராசா, வந்து பாரும்" என்றேன். "சந்தோசம், ஆவுடை" என்றவர், சம்பந்தமில்லாமல், "கை நல்லாருக்கா?" என்று கேட்டார். கைக்கு என்ன? தோற்றவர் பேச்சை மாற்றத்தான் செய்வார்.

கோமதிக்கு அல்வா வாங்கிக்கொண்டு போனேன். அவள் சிரிக்காமல் வாங்கி வைத்தாள்.

பிப்ரவரி 20, வெள்ளி

பெருமாள்புரம் ஜெபமணி டீச்சர் வீட்டு வேலை முடிந்தது. டீச்சர் தனியாக இருக்கிறார். பாத்திரமும் பீங்கானும் அவரிடம் இருக்கிற அளவுக்கு ஒரு கல்யாண மண்டபத்தில்கூட இருக்காது. எல்லாம் மேல் அலமாரியில்தான் ஏற வேண்டுமாம். "தாங்குமா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

எனக்கு ஒரு வழக்கம் உண்டு. அலமாரியை மாட்டி முடித்ததும் வீட்டுக்காரர் கண் முன்னாலேயே அதன் அடிப்பலகையைப் பிடித்துத் தொங்கிக் காட்டுவேன். ஆளையே தாங்குகிறது, தட்டைத் தாங்காதா என்று அவர்களுக்குத் திருப்தி. ஊரில் பாதிப் பேர் என்னைத் 'தொங்குற ஆவுடையப்பன்' என்றுதான் சொல்கிறார்கள். இன்று தொங்கலாம் என்று கையைத் தூக்கியபோது மாகாளி, "நீங்க கீழ போயி வண்டியில சாமானை ஏத்துங்க அத்தான், நான் தொங்குதேன்" என்றான். தோளும் கொஞ்சம் அசதியாக இருந்ததால் விட்டுவிட்டேன். திரும்பி வந்தபோது, "தொங்கிட்டேன்" என்றான். டீச்சர் மாடியில் துணி எடுக்கப் போயிருந்தார்.

பிப்ரவரி 22, ஞாயிறு

மாகாளியைக் காலையிலிருந்து காணோம். மிஷின் பெட்டியையும் எடுத்துக்கொண்டு போயிருக்கிறான். போன ஞாயிறும் இப்படித்தான். தனியாகத் தொழில் தொடங்கும் எண்ணம் வந்துவிட்டதா? கோமதியிடம் கேட்டேன். "அவன் அப்படிப்பட்டவன் இல்ல" என்றாள். நான் சாடையாகக் கேட்டால் தம்பிக்கு வக்காலத்து.

மார்ச் 4, புதன்

டி.வி.எஸ். வண்டியின் பிரேக் பிடி இறுகிவிட்டது. மெக்கானிக் அழுத்திப் பார்த்துவிட்டு, "நல்லாத்தானே இருக்கு" என்றான். இப்போது எந்தக் கடையில் எதைக் கொண்டுபோய்க் கொடுத்தாலும் நல்லாத்தான் இருக்கு என்கிறார்கள்.

புதுச் சட்டையில் பொத்தான் துளைகளைச் சிறிதாக வைத்துத் தைத்திருக்கிறான். காலையில் அதனோடு மல்லுக்கட்டியே நேரமாகிவிட்டது. கோமதி வந்து பூட்டிவிட்டாள்.

வலது புஜத்தில் சதை தானாகத் துடிக்கிறது. தோலுக்கு அடியில் மீன் குஞ்சு ஓடுகிற மாதிரி இருக்கிறது. வாயுவாக இருக்கும். பூண்டு ரசம் வைக்கச் சொல்லியிருக்கிறேன்.

மார்ச் 15, ஞாயிறு

இரவு சாப்பாட்டுக்குக் கோமதி தட்டில் ஸ்பூன் வைத்தாள். "நான் என்ன ஓட்டலுக்கா வந்திருக்கேன்?" என்று தள்ளிவிட்டேன். கையால் பிசைந்து சாப்பிட்டு முடிக்க நேரமானது. சோறு குழைந்துபோய் விரலில் நிற்கவில்லை. அவள் எதிரே உட்கார்ந்து என் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏங்க, ஒரு தடவ டாக்டர்ட்ட காட்டிட்டு வருவமா?"

"என்னத்தக் காட்ட?"

என் வலது கையை இழுத்து விளக்கு வெளிச்சத்தில் விரித்தாள். கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே சதை இருந்த இடத்தில் குழி விழுந்திருந்தது. மெலிந்துவிட்டேன், அவ்வளவுதான். சத்தான சாப்பாடு போட்டால் ஏன் குழி விழுகிறது என்று கத்தினேன். அவள் அழுதாள். சமையலைக் குறை சொன்னதற்குத்தான் அழுதிருப்பாள். அவள் சமையலை யாரும் குறை சொல்ல முடியாது, எனக்கே தெரியும். சொல்லியிருக்க வேண்டாம்.

மார்ச் 23, திங்கள்

கே.டி.சி. நகரில் ஒரு வீடு முடிந்தது. வீட்டுக்காரர் பேங்கில் வேலை பார்க்கிறவர், சின்னப் பையன் ஒருவன் இருக்கிறான். சமையலறையை ஒட்டிப் பையன் படிக்க ஒரு மேசை, அதற்கு மேலே புத்தக அலமாரி. ஸ்க்ரூ எல்லாம் சுகமாகப் போனது.

இந்தப் பேனா சரியில்லை. எழுத்து கோணிக்கொண்டு போகிறது.

ஏப்ரல் 2, வியாழன்

நேற்று பங்குனி உத்திரம். எங்கள் சாஸ்தா கோயிலுக்குக் குடும்பத்தோடு போய்ப் பொங்கலிட்டோம். நல்ல வெயில். வருஷா வருஷம் சிதறுகாய் உடைப்பது நான்தான்.

முதல் தடவை ஓங்கி எறிந்தேன், காய் கல்லில் பட்டு உருண்டது. எடுத்து மறுபடியும் எறிந்தேன். கையிலிருந்து அது கிளம்பியதே எனக்குத் தெரியவில்லை, கல்லுக்கு இந்தப் பக்கமே விழுந்தது. சுற்றி நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். மூன்றாவது தடவை எறிய நான் குனிந்தபோது மாகாளி காயை எடுத்துக்கொண்டான். அவன் எறிந்ததும் சில்லுச் சில்லாகப் போனது. பிள்ளைகள் ஓடிப் பொறுக்கினார்கள்.

முற்றின காய், ஓடு கனம் என்று சொன்னேன். திரும்பி வருகிற வேனில் ஜன்னல் பக்கம் உட்கார்ந்து, வலது கையை இடது கையால் பிடித்துக்கொண்டே வந்தேன். பயமாக இருந்தது. எதற்கு என்று இங்கே எழுதப் போவதில்லை.

ஏப்ரல் 6, திங்கள்

காலையில் ஜெபமணி டீச்சர் போன் செய்தார். "ஆவுடையப்பன், அலமாரி விழுந்துட்டு. நீங்க உடனே வாங்க."

போய்ப் பார்த்தால் அலமாரி அடுப்பு மேடை மேல் குப்புறக் கிடந்தது. அடுப்பு நெளிந்துவிட்டது. தரையெல்லாம் பீங்கான். டீச்சர் கூடத்தில் உட்கார்ந்திருந்தார், காலில் செருப்பு மாட்டியபடி. "பால்காரன் மணியடிச்சான், வாசலுக்குப் போனேன். அவன் வரலைன்னா நான் அடுப்புக்கு முன்னாலதான் நின்னிருப்பேன்" என்றார். அதையே திரும்பத் திரும்பச் சொன்னார். திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

என் வேலை விழுந்ததில்லை. இருபது வருஷத்தில் ஒரு பலகை விழுந்ததில்லை. அடாப்டர்தான் காரணம், ஸ்க்ரூவை முழுசாக இறுக்கவில்லை என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டே சுவரைத் தடவிப் பார்த்தேன். பிளக் சுவருக்குள்ளேயே இருந்தது. ஸ்க்ரூ மட்டும் உருவிக்கொண்டு வந்திருந்தது. தரையில் பீங்கானுக்கு நடுவே அது கிடந்தது. எடுக்க மூன்று தடவை முயன்றேன், கடைசியில் இடது கையால் எடுத்தேன்.

மெல்லிசு ஸ்க்ரூ. நான் போடுவதில் பாதிக் கனம். கதவுக் கீலுக்குப் போடலாம், பாரம் தாங்குகிற இடத்தில் போட முடியாது. அந்தப் பிளக்குக்குள் அது விரல் நுழைகிற மாதிரி நுழையும், பிடிக்காது.

மாகாளி வாசற்படியில் நின்றான்.

"யாருலே இதை வாங்கினா?"

"நான்தான்."

"நம்ம போடுத ஸ்க்ரூவா இது?"

"இல்ல அத்தான்."

"தொங்கிப் பாத்தேன்னு சொன்னியே."

"தொங்கல. தொங்கினா வந்துரும்னு தெரியும்."

ஓங்கி அறைந்தேன். கை அவன் கன்னத்தில் பட்டது, அவ்வளவுதான். அவன் முகம் அசையக்கூட இல்லை. என் கையைப் பார்த்து அவன் அழ ஆரம்பித்துவிட்டான், முப்பது வயதுக்காரன், அடுத்தவர் வீட்டு வாசலில் நின்றுகொண்டு.

"பெரிய ஸ்க்ரூ ஒங்க கையால போகல அத்தான். மெல்லிசு போட்டா போகுது. நீங்க எவ்வளவு சந்தோசப்பட்டிய அன்னைக்கு. நான் ஞாயித்துக்கிழமை போயி கழத்திட்டு நல்ல ஸ்க்ரூவா மாத்திருவேன். அப்படித்தான் மத்த வீடெல்லாம் மாத்தினேன். டீச்சர் வீட்டுக்கு ரெண்டு தடவ வந்தேன், பூட்டிக் கெடந்துச்சு, போன மாசம் பூரா ஊருக்குப் போயிருந்தாவ."

நான் வண்டியிலிருந்து மிஷினை எடுத்து வரச் சொன்னேன். மஞ்சள் பேட்டரியையும் அடாப்டரையும் கழற்றச் சொன்னேன். பழைய பதினெட்டு வோல்ட் பேட்டரியை மாட்டச் சொன்னேன், செத்துப்போனது என்று நான் ஒதுக்கி வைத்த அதே பேட்டரி. கனமான ஸ்க்ரூவைப் போடு என்றேன். மாகாளி ஒரே அழுத்தில் தலை சுவரோடு சேரும்வரை ஓட்டினான். மிஷினை வாங்கி நானும் ஒன்று வைத்தேன். விசையில் இருந்த விரல் தானாக விலகிவிட்டது. பிட் நழுவி ஸ்க்ரூ தலையை மென்றது. டீச்சர் எழுந்து வந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

பேட்டரியில் ஒன்றுமில்லை. அண்ணாச்சி கடையில் நின்றபோதே எனக்கு இது தெரியும் என்று இப்போது தோன்றுகிறது.

ஏப்ரல் 7, செவ்வாய்

டீச்சர் வீட்டு அலமாரியை மாகாளி மாட்டினான். உடைந்ததற்கெல்லாம் வாங்கித் தருகிறேன் என்றேன். "சாமான் கெடக்கட்டும், நீங்க ஒங்க கையப் பாருங்க" என்றார் டீச்சர்.

கோமதியிடம் கேட்டேன், உனக்குத் தெரியுமா என்று. "நான்தான் அவன்ட்ட சொன்னேன், அத்தான் மனசு நோகாமப் பாத்துக்கோன்னு. ஸ்க்ரூவ மாத்துவான்னு எனக்குத் தெரியாது" என்றாள். கோபப்பட வேண்டும் என்று நினைத்தேன், வரவில்லை.

ஏப்ரல் 8, புதன்

மாற்றாமல் விட்டது கே.டி.சி. நகர் வீடு ஒன்றுதான் என்று மாகாளி சொன்னான். இரண்டு ஞாயிறாக வீட்டுக்காரர் உறவுக்காரர் கல்யாணம், விருந்து என்று அலைந்திருக்கிறார். "சர்வீஸ் பாக்க வந்தோம்னு சொல்லிக்கிடுவோம் அத்தான். ஃப்ரீ சர்வீஸ்னா யாரு வேண்டாங்கப் போறா" என்றான். சரி என்றேன். வழியெல்லாம் அதையே மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டு போனேன்.

பையன் அந்த அலமாரிக்கு நேர் கீழே உட்கார்ந்து படம் வரைந்துகொண்டிருந்தான். மேலே கனமான புத்தகங்கள் அடுக்கியிருந்தன. "தம்பி, எந்திரி" என்று நான் போட்ட சத்தத்தில் பையன் மிரண்டு ஓடினான். வீட்டுக்காரர் உள்ளேயிருந்து வந்தார்.

மாகாளி சர்வீஸ் என்று ஆரம்பித்தான். நான் அவனை நிறுத்தச் சொன்னேன்.

"சார், இதுல போட்டிருக்கது தப்பான ஸ்க்ரூ. பாரம் தாங்காது. எங்க வேலைதான், எங்க தப்புதான். எனக்குக் கை வெலங்காமப் போச்சு, அதை மறைக்கப் போயி இப்படி ஆயிட்டு. இன்னொரு வீட்டுல விழுந்துருச்சு. ஒங்க வீட்டுல விழுகதுக்குள்ள மாத்தணும்னு வந்தோம்."

முதல் தடவையாக அதை வாயால் சொன்னேன். சொன்னபிறகு சுவரைப் பிடித்துக்கொண்டேன்.

அவர் பையனைப் பார்த்தார், மேலே பார்த்தார். "கை வராதவன் எதுக்குய்யா வேலைக்கு வந்தே? எம் புள்ள தலையில விழுந்திருந்தா நீ வந்து பதில் சொல்லுவியா?" என்றார். அவர் கேட்டது நியாயம். மாகாளி குறுக்கே பேச வந்தான், வேண்டாம் என்றேன். அவர் எங்களை நிற்க வைத்தே ஒவ்வொரு ஸ்க்ரூவாகக் கழற்றிக் காட்டச் சொன்னார். பழைய ஸ்க்ரூக்களை ஒரு கிண்ணத்தில் போட்டுத் தன்னிடமே வைத்துக்கொண்டார்.

மாகாளி மாட்டி முடித்து, அடிப்பலகையைப் பிடித்துக் கால் இரண்டையும் தூக்கித் தொங்கினான். அவர் போதும் என்று சொல்லும்வரை தொங்கினான்.

கிளம்பும்போது அவர் மனைவி தண்ணீர் கொடுத்தார். டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக் குடித்தேன். அதைப் பார்த்துவிட்டு வீட்டுக்காரர் கதவைச் சாத்திக்கொண்டார்.

ஏப்ரல் 20, திங்கள்

நரம்பு டாக்டர். கையிலும் காலிலும் நாக்கிலும்கூட ஊசியைக் குத்திக் குத்திக் கம்ப்யூட்டரில் கோடு பார்த்தார்கள். வலியில் கண் கலங்கிவிட்டது. கோமதி வெளியே பெஞ்சில் இருந்தாள். பிறகு டாக்டர் எங்கள் இருவரையும் உட்கார வைத்துச் சொன்னார்.

இதற்கு மேல் எழுத முடியவில்லை. பேனா நல்ல பேனாதான்.

ஏப்ரல் 29, புதன்

இதை எழுதுவது கோமதி. அவர் சொல்லச் சொல்ல எழுதுகிறேன். எனக்கு எழுதிப் பழக்கம் இல்லை, தப்பு இருந்தால் பரவாயில்லை என்று சொல்கிறார், ஆனால் ஒவ்வொரு வரியையும் வாசித்துக் காட்டச் சொல்லித் திருத்துகிறார்.

இன்று அவர் சொன்னது. மாகாளி பேட்டையில் ஒரு வீட்டு வேலைக்கு ஒப்புக்கொண்டிருக்கிறான். அவரையும் கூட்டிக்கொண்டு போனான். வீட்டுக்காரர், இவர் யாரு என்று கேட்டாராம். "இவருதான் எங்க மேஸ்திரி" என்றானாம் மாகாளி. இவர் உடனே, "இல்ல சார், நான் சும்மா கூட வந்திருக்கேன்" என்று சொல்லிவிட்டு வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டாராம். மாகாளிக்குக் கோபம். அவன் கோபப்பட்டால் படட்டும், அந்த வீட்டு ஸ்க்ரூ எல்லாம் அவன் போட்டது, அதற்கு அவன் பெயர்தான் சொல்ல வேண்டும், என்று எழுதச் சொன்னார். எழுதிவிட்டேன்.

அப்புறம், டாக்டர் சொன்னதை எழுது என்றார். எனக்கு வரவில்லை. கை வலிக்கிறது என்றேன். "யாருகிட்ட சொல்லுத?" என்று சிரித்தார். பிறகு சிரிக்காமல், "மறைக்காம எழுது கோமு" என்றார்.

எழுதுகிறேன். மூளையிலிருந்து கைக்குப் போகிற நரம்பு சாகிறது. இந்தக் கை திரும்பி வராது. அடுத்தது இடது கை. அப்புறம் கால். அப்புறம் பேச்சு, விழுங்குவது, மூச்சு. மருந்து இல்லை. வாசித்துக் காட்டினேன். சரியாக இருக்கிறது என்றார்.

பேச்சு இருக்கும்வரை நான் சொல்லுகிறேன், நீ எழுது என்றார். சரி என்றேன்.

இப்போது அவர் தூங்கிவிட்டார். இது அவர் சொல்லாதது, நானாக எழுதுகிறேன். அன்றைக்கு ஆஸ்பத்திரியில் அவரை ஆட்டோவில் உட்கார வைத்துவிட்டு, குடையை விட்டுவிட்டேன் என்று பொய் சொல்லி நான் மட்டும் திரும்பிப் போனேன். எத்தனை நாள் என்று டாக்டரிடம் கேட்டேன். அவர் சொன்னார். இவர் கேட்டால் மறைக்காமல் சொல்லிவிடுவேன். இன்றுவரை கேட்கவில்லை.